நாளைய கடற்சண்டை

2007 பெப்ரவரி 13, செவ்வாய்

கால் இரண்டும் கடுக்கின்றன. பகல் முழுதும் புவாண்ட்-கிளேர் புறநகர்க் கிடங்கில் நின்ற வேலை, மாலையில் தர்க்க வகுப்பு. பேராசிரியர் பலகையில் "நாளை கடற்சண்டை நடக்கும்" என்று எழுதினார். இந்த வாக்கியம் இன்றே உண்மையா, பொய்யா, இரண்டும் இல்லையா? பழைய கிரேக்கர்கள் மண்டையை உடைத்துக்கொண்ட கேள்வியாம்.

எல்லோரும் உற்சாகமாக வாதாடினார்கள். என்னையும் கேட்டார். திருகோணமலையில் அண்ணை மீன்பிடிக்கப் போகும் கடல்தான் கண்ணுக்குள் வந்தது. தெரியாது என்றேன். நல்ல பதில் என்று சிரித்தார். அந்தச் சிரிப்பு இன்னும் எரிச்சலாக இருக்கிறது.

வீட்டுக்கு வந்ததும் ஊருக்கு அழைத்தேன். அண்ணி எடுத்தார்.

"அவர் விடியமுன்னமே கடலுக்குப் போயிட்டார். இப்ப அந்தப் பக்கம் வெடிச்சத்தம் கேக்குது. நான் வைக்கிறன், பேந்து எடும், என்ன."

இங்கே இரவு பத்தரை. அங்கே மறுநாள் காலை ஒன்பது. வகுப்பில் நாங்கள் அலசிய நாளை அங்கே எப்போதோ விடிந்துவிட்டது. அந்த வாக்கியம் உண்மையாகவோ பொய்யாகவோ ஆகியிருக்கும்.

தொலைபேசி கைக்கெட்டும் தூரத்தில்தான் இருக்கிறது. எடுக்காத வரைக்கும் எனக்கு அந்த வாக்கியம் இரண்டும் இல்லை.