மூன்று கால் கேமரா

அன்பு மகள் கெசியாவுக்கு, தீவில் நாங்கள் எல்லாரும் மூச்சும் பேச்சுமாக இருக்கிறோம், நீயும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்க ஆண்டவரைக் கேட்டுக்கொள்கிறேன். நான் சொல்லச் சொல்ல எழுதுகிறவள் உன் லோயிஸ் அத்தையின் மகள் டோர்க்காஸ். தென்கிழக்குக் காற்று நின்றுவிட்டது, கடல் எண்ணெய் ஊற்றியது போல் கிடக்கிறது, ஆமை நிறைய வருகிறது, உன் அண்ணன் படகு எஞ்சினை மறுபடி கெடுத்துவிட்டான்.

நம் தீவைப் பற்றி நீ எடுத்து அனுப்பிய படத்தை ஞாயிறு ஆராதனை முடிந்து சபைக் கூடத்து டிவியில் போட்டோம். இருபது வருடமாக உன்னை டிவியில் பார்க்கிற ஊர்தான், சுறாவோடு நீந்தினாய், எரிமலை வாயில் நின்று பேசினாய், தேர்தல் முடிவு வாசித்தாய், யாரோ சமைத்ததைத் தின்று மார்க்கும் போட்டாய், அதைப் பார்த்து அத்தை "ரொட்டி சுடத் தெரியாதவ மார்க் போடறாளாம்" என்று சிரித்தாள். இந்தத் தடவையும் சிரித்துக்கொண்டுதான் இருந்தோம், கல்லறைத் தோட்டம் வரும் வரைக்கும். அங்கே உன் அம்மாவின் கல்லறைக் கல்லைச் சுற்றியிருந்த துணியை விலக்கி நீ பெயரைக் காட்டுகிறாய். மகளே, நாத்தனார் கட்டிய துணியை நாத்தனார்தான் அவிழ்க்க வேண்டும், அதுவும் ஊர் கூடிக் கல் திறக்கும் நாளில், அதுவரை செத்தவர் அந்தக் கல்லோடுதான் இருப்பார் என்று உனக்குத் தெரியாதா. வெளிச்சம் நன்றாக இருந்தது என்பதற்காகவா செய்தாய். அத்தை கத்துவாள் என்று நினைத்தேன், அவள் "அண்ணே, படம் புடிச்சது யாரு?" என்று மெதுவாகக் கேட்டாள்.

தனியாகத்தான் போனேன், கேமராவை மூன்று கால் தாங்கியில் நிறுத்தி என்னை நானே எடுத்தேன் என்று நீதான் போனில் சொன்னாய். ஆனால் நீ கல்லை விட்டு வாசலுக்கு நடக்கிறாய், படமும் உன் பின்னாலேயே நடந்து வருகிறது. இரண்டு எட்டுக்கு ஒரு தரம் இடப்பக்கம் சாய்ந்து சாய்ந்து வருகிறது. உன்னைச் சுமந்த வருடம் படகுத்துறையில் விழுந்து உன் அம்மாவுக்கு இடக்கால் குட்டையானது, நாற்பது வருடம் அந்த நடைக்குப் பக்கத்தில் நடந்தவன் நான். எனக்கு எழுத்துத் தெரியாது, அந்த நடை தெரியும்.

மறுநாள் அத்தை துணியைத் திரும்பக் கட்டப் போனாள், தொட்டதும் கையை எடுத்துவிட்டு "வெறுங்கல்லுண்ணே, ஆளில்ல" என்றாள். புதன்கிழமை நீ பனிமலையில் பேசும் நிகழ்ச்சி வந்தது, இங்கிருந்து போன பிறகு எடுத்ததாம். நீ நடந்தாய், படம் இடப்பக்கம் சாய்ந்தது. "கேமராக்காரன் வழுக்கியிருப்பான் மாமா" என்கிறாள் டோர்க்காஸ், சொல்லிவிட்டுப் பேனாவைக் கீழே வைத்துவிட்டாள், கெஞ்சித்தான் மறுபடி எடுக்க வைத்தேன்.

உன் அம்மாவுக்குக் குளிர் ஆகாது கெசியா. படத்தில் அந்தக் கல்லறைக் காட்சியை வெட்டி எடுத்துவிடு, டிவியில் காட்டாதே. டிசம்பர் இரண்டாம் சனிக்கிழமை கல் திறக்கிறோம், எந்த வேலை இருந்தாலும் போட்டுவிட்டு வா. விமானம் ஏறும் முன் நம் பாஷையில் வாய்விட்டு, அம்மா வா, வீட்டுக்குப் போகலாம் என்று சொல், யார் பார்த்தாலும் பார்க்கட்டும். பக்கத்து இருக்கையில் பையை வைக்காதே. துறையில் இறங்கியதும் என்னைப் பார்த்து ஓடி வந்துவிடாதே, மெதுவாக நட.

ஆண்டவர் உங்கள் இருவரையும் பத்திரமாகக் கொண்டுவந்து சேர்ப்பாராக.

உன் அப்பா ஆபேத்
(பெருவிரல் ரேகை)