கசார் என்று எழுதிவிட்டுப் போனார்கள்

தோழி,

சவர்க்காரம் போட்டுக் கழுவியும் விரல்களில் பெயின்ற் கழுவும் தின்னர் மணம் போகவில்லை. காலையில் கீழ்த்தள வாசலைத் துடைக்கப் போனபோது, கண்ணாடிக் கதவின் நடுவே உள்ளங்கை அளவில் ஒரு ஸ்ரிக்கர் ஒட்டியிருந்தது. அதிலிருந்த ஆங்கிலச் சொற்களில் ஒன்று எனக்குத் தெரிந்தது. கசார். முதன்முதலாக உன் வாயிலிருந்துதான் அந்தச் சொல்லைக் கேட்டேன். யாரும் கண்டுவிடுவதற்குள் சுரண்டி எடுத்துவிட வேண்டும் என்று தின்னரை ஊற்றித் தேய்த்தேன். தேய்த்துக்கொண்டிருந்தபோதே, ஒட்டியவன் தெருவின் அந்தப் பக்கம் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருப்பானோ என்று முதுகு கூசியது. திரும்பிப் பார்க்கத் துணிவு வரவில்லை.

நீ இருந்திருந்தால் உடனே உன்னைத்தான் கூப்பிட்டிருப்பேன்.

உனக்கு இந்தக் கட்டடம் தெரியும். பாதர்ஸ்ட் வீதியின் வடக்கே, ரஷ்ய மொழி பேசும் வயதான யூதர்கள் நிறைந்த கட்டடம். நானும் இவரும் இதைப் பராமரிக்கும் வேலைக்கு வந்த புதிதில், ஒன்பதாம் மாடியில் தனியாக இருந்த பெல்லா அம்மாவைப் பார்த்துக்கொள்ள நீ தினமும் வருவாய். மட்டக்களப்புப் பெண் ஒருத்தி ரஷ்ய மொழியில் சிரித்துக் கதைப்பதைக் கேட்டு நான் வாய் பிளந்து நின்றேன். சோவியத் யூனியனுக்குப் படிக்கப் போய், அந்த நாடே உடைந்துபோனதால் பட்டம் எடுக்காமல் வந்தவள் நீ என்று பிறகுதான் தெரிந்தது.

லோன்றி அறையில் துணிகள் காயும்வரை நாம் கதைத்துக்கொண்டிருப்போம். ஒரு கோடை விடுமுறையில் உங்களையெல்லாம் புல்வெளிப் பக்கம் தொல்லியல் அகழ்வு வேலைக்கு அனுப்பிய கதையை அங்கேதான் சொன்னாய். ஆயிரம் வருடங்களுக்கு முன்னர் வொல்கா நதிக்கும் காஸ்பியன் கடலுக்கும் அருகே பெரிய அரசாக இருந்தவர்கள் கசார்கள்; துருக்கிய மொழி பேசிய குதிரைக்காரர்கள். ஒரு பக்கம் கிறிஸ்தவப் பேரரசு, மறுபக்கம் முஸ்லிம் பேரரசு. இரண்டுக்கும் நடுவில் அவர்களுடைய அரச குடும்பம் யூத மதத்தை ஏற்றுக்கொண்டது. ஆனாலும் அவர்களின் நகரத்தில் ஒவ்வொரு மதத்தாருக்கும் தனித்தனி நீதிபதிகள் இருந்தார்களாம். பிறகு வடக்கிலிருந்து ஓர் இளவரசன் படையோடு வந்தான். அரசு சிதறியது. தலைநகரம் எங்கே இருந்தது என்றுகூட இன்றுவரை உறுதியாகத் தெரியாது.

அவர்களின் அரசனை முடிசூட்டும் விதத்தையும் சொன்னாய். பட்டுக் கயிற்றால் கழுத்தை இறுக்கி, மூச்சு முட்டும் நேரத்தில் "எத்தனை வருடம் ஆளப்போகிறாய்?" என்று கேட்பார்களாம். அவன் உளறும் எண்ணிக்கை தாண்டினால் கொன்றுவிடுவார்களாம்.

"ஏனடி உந்தப் பயங்கரக் கதையளை எனக்குச் சொல்லுறாய்?" என்றேன்.

"இது கதை புள்ள. எனக்குப் பயம் வந்தது வேற இடத்தில" என்றாய். ஒரு சின்னப் பிள்ளையின் புதைகுழியைத் தோண்டியபோது கழுத்தருகே வெண்கல மணி ஒன்று கிடந்ததாம். "எடுத்து மண்ணைத் தட்டக்குள்ள அது கிலுங்கிச்சு கா. ஆயிரம் வருசம் கழிச்சும் கிலுங்கிச்சு." நம் அருகே மெஷின் சுற்றி முடிந்து நின்றது. இருவரும் திடுக்கிட்டுப் போனோம்.

அந்த இலையுதிர் காலத்தில்தான் கதவுகளின் கீழே கடதாசிகள் வரத் தொடங்கின.

பெல்லா அம்மாவின் குழாய் ஒழுகுகிறது என்று நான் மேலே வந்திருந்த மத்தியானம் அது. அவர் ஒரு கடதாசியை உன்னிடம் நீட்டினார். அவருக்கு ஆங்கிலம் வாசிக்கத் தெரியாது. நீ வாசித்துக்கொண்டு போக, உன் கீழுதடு வெளுத்தது. என்னிடம் நீட்டினாய். நீங்கள் யூதர்களே இல்லை, கசார்கள், பொய்யர்கள், நீங்கள் எந்த வீட்டில் இருக்கிறீர்கள் என்று எங்களுக்குத் தெரியும். அவ்வளவுதான் எழுதியிருந்தது.

அந்த அம்மா நம் முகங்களை மாறி மாறிப் பார்த்தார்.

"புள்ள, என்னத்தச் சொல்ல?" என்று தமிழில் கேட்டாய்.

"தண்ணி நிப்பாட்டப்போகினம் எண்டு கடதாசி வந்திருக்கெண்டு சொல்லு. மனிசி பயந்திடும்."

"சொல்லாம விட்டா, ஆரும் தட்டினா இவ கதவத் திறந்திருவா கா."

பிறகு அவரின் கையைப் பிடித்துக்கொண்டு ரஷ்ய மொழியில் சொன்னாய். உன் குரல் நடுங்கியது எனக்குக் கேட்டது. அவர் அழவில்லை. எழுந்துபோய் அலுமாரியைத் திறந்து, தடித்த குளிர் கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டு, ஒரு சிறிய தோல் பையை மடியில் வைத்தபடி வாசலுக்குப் பக்கத்துக் கதிரையில் அமர்ந்தார். அவ்வளவு அமைதியாக. சின்ன வயதில் யுத்தத்துக்குத் தப்பி ரயிலேறியபோதும் இப்படித்தான் காத்திருந்தாராம். நீ எனக்கு மெல்லச் சொன்னாய். என்னால் அவரைப் பார்க்க முடியவில்லை. யாழ்ப்பாணத்தில் எங்கள் அம்மாவும் கதவுக்குப் பின்னால் அப்படியொரு பை வைத்திருந்தா. அதில் எங்கள் பிறப்புச் சான்றிதழ்களும் பிஸ்கட் பக்கற்றும் இருக்கும்.

பொலிஸ் வந்தது, கடதாசிகளை எடுத்துப் போனது. வாசலில் கமெரா பூட்டினார்கள். யாரும் அகப்படவில்லை. அந்த அம்மா மட்டும் ஒவ்வொரு மத்தியானமும் கோட்டைப் போட்டுக்கொண்டு வாசலில் உட்காரத் தொடங்கினார். ஒருநாள் நான் உள்ளே வந்தபோது நீயும் உன் கோட்டைப் போட்டுக்கொண்டு பக்கத்தில் இருந்தாய். வீட்டுக்குள் ஹீற்றர் கொதிக்கிறது. உன் நெற்றியெல்லாம் வேர்வை.

"என்னடி இது?"

"அவ தனியாப் போற மாதிரி நினைச்சுக்கு இருக்கா. துணைக்கு ஒராள் வேணும்தானே."

லோன்றி அறையில் அன்று உன்னிடம் கேட்டேன், அந்தக் கடதாசியில் இருப்பதில் ஏதாவது உண்மை இருக்கிறதா என்று. கசார்கள் சிதறி யார் யாரோடோ கலந்து போனார்கள், முழுவதையும் அறிந்தவர்கள் யாரும் இல்லை என்றாய். ஐரோப்பிய யூதர்கள் எல்லோரும் அவர்களின் பரம்பரை என்பதை ஆராய்ச்சிக்காரர்கள் ஏற்பதில்லை என்றும் சொன்னாய். பிறகு துணி மடிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டாய்: "அப்பிடியே இருந்தாலும் என்ன கா? கசார் எண்டா வெருட்டலாமா? நம்மளயும் வந்தான் வரத்தான், இந்த மண்ணுக்காரர் இல்ல எண்டுதானே சொன்னாங்க. சொல்லிப்போட்டுத்தானே வீட்டக் கொளுத்தினாங்க."

அதன் பிறகு வந்த ஞாயிற்றுக்கிழமைதான் உன்னை விட்பியில் இருக்கும் என் தம்பி வீட்டுக்குச் சாப்பிடக் கூட்டிப்போனேன். கட்டடத்தில் நடந்ததை நான் இன்னும் அவனுக்குச் சொல்லியிருக்கவில்லை. ஆட்டிறைச்சிக் கறியை உனக்கு அள்ளி அள்ளிப் போட்டான். எந்த ஊர், எந்தத் தெரு என்று அன்பாக விசாரித்தான். பெல்லா அம்மாவைப் பற்றி நீ ஏதோ சொல்ல, அவன் போனை எடுத்தான்.

"அக்கா, உவை உண்மையான யூதர் இல்லை, தெரியுமே? கசார் ஆக்கள். இந்த வீடியோவில எல்லாம் விளக்கமாச் சொல்லுறான்."

எலிவேற்றரில் ஏறும் ஒவ்வொரு அந்நியனையும் சந்தேகித்துக்கொண்டிருந்தவள் நான். அந்தச் சொல் என் தம்பியின் வாயிலிருந்து, அதுவும் சோறு போட்ட கையோடு வரும் என்று நினைக்கவேயில்லை.

நீ கை கழுவிவிட்டு வந்து அவன் எதிரே இருந்தாய். "தம்பி, உங்கட ஊருக்கு ஆமி வரக்குள்ள நீங்க எங்க இருந்து வந்த ஆக்கள் எண்டு கேட்டாங்களா?"

"உது வேற, இது வேற" என்றான் அவன். முகம் சிவந்துவிட்டது. பாயசம் அப்படியே ஆறிப்போயிற்று.

திரும்பி வரும் ரயிலில் நீ கோட்டுப் பொத்தான்களைக் கழுத்துவரை பூட்டிக்கொண்டாய். குளிரா என்று கேட்டேன். "பயம் புள்ள" என்றாய். "கடதாசி போட்டவன் கெட்டவன் எண்டு நினைச்சுக்கு இருந்தன். உங்கட தம்பி நல்ல பொடியன். அதுதான் பயமா இருக்கு."

பிறகு உனக்கு நோய் வந்தது. எல்லாம் சீக்கிரம் முடிந்துவிட்டது. உன் இறுதிச் சடங்குக்கு பெல்லா அம்மாவை நான்தான் கூட்டிவந்தேன். தம்பியும் வந்து பின்வரிசையில் நின்றான். உன் முகத்தைப் பார்க்க முன்னுக்கு வரவில்லை.

இன்று கதவைத் துடைத்து முடித்ததும் அவனுக்குப் போன் எடுத்தேன். ஸ்ரிக்கரைப் பற்றிச் சொன்னேன்.

"ஆர் ஒட்டினது?"

"தெரியாது. நீ அண்டைக்குச் சொன்ன அதே சொல்லு."

"நான் சும்மா கேட்டதைத்தானே அக்கா சொன்னனான்."

"ஓம். ஒட்டினவனும் எங்கையோ சும்மா கேட்டிருப்பான்."

பிறகு, குரல் இறங்கி, "அக்கா, நீங்கள் கதவைப் பூட்டிட்டு இருங்கோ. நான் வாறன்" என்றான். அவன் பயந்துவிட்டான். எனக்கு ஆறுதலாக இருந்திருக்க வேண்டும். இருக்கவில்லை. அவன் அந்தச் சொல்லுக்குப் பயந்தானா, எனக்காக மட்டும் பயந்தானா என்று தெரியவில்லை.

கதவைப் பூட்டிக்கொண்டு இருக்க என்னால் முடியவில்லை. பெல்லா அம்மாவிடம் ஒன்பதாம் மாடிக்கு ஏறினேன். தண்ணீர் நிற்கப்போகிறது என்று சொல்லிவிடலாமா என்று எலிவேற்றருக்குள் ஒரு கணம் யோசித்தேன். சொல்லத்தான் வேண்டும் என்று உன்னைப் பார்த்துப் பழகியிருக்கிறேன், குரல் நடுங்கினாலும். ஆனால் என்னிடம் அவரின் மொழி இல்லை. வேறு ஊரில் இருக்கும் அவரின் மகளைப் போனில் பிடித்து, அவள் மூலமாகச் சொல்லலாம் என்று முடிவு செய்துகொண்டு தட்டினேன்.

உள்ளே கதிரை நகரும் சத்தம். பிறகு கதவுக்குப் பின்னால் மூச்சுச் சத்தம். யார் என்று ரஷ்ய மொழியில் கேட்டார். நான் என் பெயரைச் சொன்னேன். திறக்கவில்லை. இரண்டாம் முறை இன்னும் மெல்லிய குரலில் கேட்டார்.

அப்போது உன் பெயரைச் சொன்னேன்.

சங்கிலி கழன்றது.