மிச்சமிருக்கிற கால் மணி நேரம்

தனு,

பிட்டு மூடி வைத்திருக்கிறேன். கதவைப் பூட்டித் திறப்பைத் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் வைத்திருக்கிறேன்.

நேற்று டிவியை நிறுத்தியது என் பிழைதான். செத்தவர்கள் எழும்பித் துரத்துகிற நாடகத்தில், நேற்று மட்டும் யாரும் துரத்தவில்லை. ஒருவன் குந்தியிருந்து தோணியின் ஓட்டையை அடைத்தான். "அந்த மனிசனெண்டாலும் தோணியத் தொடுறான்" என்றாய். தம்பி வாவியில் மூழ்கிப்போனதிலிருந்து நம் தோணி கவிழ்ந்து கிடப்பதைக் குத்திக் காட்டினாய் என்று கோபம் வந்துவிட்டது.

இன்று அதை நிமிர்த்தி இறக்குகிறேன். ஓட்டை எதுவும் இல்லை, தடவிப் பார்த்துவிட்டேன். என் கூட்டாளி நௌஷாட்டும் கூட வருகிறான்.

உதயன்

அம்மா கேட்டால் சந்தைக்குப் போனதாகச் சொல்.

நாடகத்தில் இன்னும் கால் மணி நேரம் மிச்சமிருக்கிறது. நான் வராமல் பார்க்காதே.