தானாக ஓடிய மோட்டார்

என் பாக்கியக்காவுக்கு,

நீ போன பிறகு இன்றைக்குத்தான் பல்பர் ஷெட்டுக்குள் கால் வைத்தேன். காபிப் பழத்தின் தோல் உரிக்கும் அந்த மெஷினைக் கழுவிவிட்டார்கள். உன் ரத்தம் தெறித்த சுவருக்குச் சுண்ணாம்பும் அடித்தாகிவிட்டது. நம் எஸ்டேட்டில் இவ்வளவு சீக்கிரமாக நடந்த வேலை இது ஒன்றுதான்.

மோட்டார் வேகத்தைக் கூட்டவும் குறைக்கவும் சேலத்திலிருந்து ஒரு பெட்டி வாங்கி மாட்டினார்களே, மாட்டிய நாளிலிருந்து அது மக்கர் செய்தது. பட்டனை அமுக்கியதுமே நின்றுபோகும். மெக்கானிக் வந்து, மோட்டார் மெல்ல மெல்ல வேகம் எடுக்கும்படி மாற்றிவைத்த பிறகு அந்தக் கோளாறு தீர்ந்தது. ஆனால் நம் மலையில் கரண்ட் போய்ப் போய் வரும். ஒவ்வொரு தடவையும் ஆள் போய்ப் பட்டனை அமுக்குவது, நம்மை வேலை வாங்கும் ரைட்டருக்குப் பொறுக்கவில்லை.

அன்றைக்கும் கரண்ட் போயிருந்தது. நின்ற மெஷின்தானே என்று, அடைத்துக்கொண்ட தோலைக் கைவிட்டு எடுத்தாய். பட்டன் பக்கம் யாருமே போகவில்லை. கரண்ட் வந்ததும் மோட்டார் தானாகச் சுற்றி உன் கையை இழுத்துக்கொண்டது. ஜீப்பில் உன்னை மடியில் போட்டுக்கொண்டு மலை இறங்கினேன். அடிவாரம் வருவதற்குள் உன் பேச்சு நின்றுவிட்டது. என்னவோ சொல்ல வந்தாயே, என்ன அக்கா அது?

ஓடுகிற மெஷினில் கைவிட்டாள் என்று ரைட்டர் எல்லோரிடமும் சொன்னார். உன் வீட்டுக்காரரும் அதை நம்பினார்.

இன்று அந்த மெக்கானிக் பெட்டியைத் திறந்து எதையோ மாற்றிக்கொண்டிருந்தார்.

"ஏனுங்கண்ணா, யாரும் பட்டனை அமுக்காம அது எப்படிங்க ஓடுச்சு?" என்று கேட்டேன்.

அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. "கரண்ட் வந்தா தானா ஓடற மாதிரி வெக்கச் சொல்லி ரைட்டர் சொன்னாருங்க. வெச்சேனுங்க. பொம்பளைங்ககிட்டச் சொல்லிடுங்கன்னு அவருகிட்டச் சொல்லிட்டுத்தான் போனேனுங்க."

நம்மிடம் யார் சொன்னார்கள்?

எல்லோர் முன்னாலும் ரைட்டரைக் கேட்டேன். "போனவ திரும்பி வரப்போறாளா? போய் வேலையப் பாரு கண்ணு" என்றார். உன்னைக் கொன்ற வாய் என்னைக் கண்ணு என்கிறது. பெண்கள் ஒவ்வொருத்தியாகக் கூடையை எடுத்துக்கொண்டு நடந்தார்கள். அவர்களைக் குறை சொல்லி என்ன ஆகப்போகிறது?

சாயங்காலம் உன் வீட்டுக்கார மாமாவிடம் போய்ச் சொன்னேன். உன்னை எடுத்துப்போன அன்று அழாத மனுஷன் வாசலிலேயே உட்கார்ந்துவிட்டார். "இத்தன நாளா அவளத்தான் நொம்பத் திட்டிட்டு இருந்தனே, சாமி" என்றார்.

உன் மகளுக்கு இப்போது ஒன்றும் புரியாது. வளர்ந்து என்னிடம் கேட்பாள். அம்மா கவனமில்லாமல் செத்தாள் என்று அவள் காதில் யாரையும் போட விடமாட்டேன். நின்ற மெஷினில்தான் கைவைத்தாய் என்றும், அதை ஓடவிட்டது யார் என்றும் பேர் சொல்லியே சொல்வேன்.

உன் கூடப்பிறந்தவள்,
செல்வி