மடிப் பருப்பு

விழுப்புரம் பஸ் ஸ்டாண்டில் நின்றுகொண்டு, வாயில் போட்ட மல்லாட்டையை மெல்லவும் முடியாமல் துப்பவும் முடியாமல் திகைத்து நின்றேன் என்றால் நீ சிரிப்பாய். "பல்லு போயிடுச்சாடி?" என்று கேட்பாய். பல்லெல்லாம் இருக்கிறது. போனது நீதான்.

இப்போது கெடார் பக்கத்துப் பள்ளிக்கூடம் ஒன்றில் சத்துணவுக்கு உதவியாள் வேலை பார்க்கிறேன். வேலை முடிந்து வரும்போது பசிக்கிறதே என்று தள்ளுவண்டியில் வறுத்த வேர்க்கடலைப் பருப்பு ஒரு பொட்டலம் வாங்கினேன். முதல் வாயிலேயே ஒரு இனிப்பு. அந்த இனிப்பு எனக்குத் தெரியும். பொட்டலத்தைப் பிரித்து வெளிச்சத்தில் பார்த்தேன். எல்லாம் லேசாகச் சுருக்கம் விழுந்த சின்னப் பருப்பு. கொழுத்து விளைந்தது ஒன்றுகூட இல்லை. கறுத்ததும் இல்லை, பூஞ்சை பிடித்ததும் இல்லை. யாரோ உட்கார்ந்து பொறுமையாகப் பொறுக்கி ஒதுக்கியது போல இருந்தது.

"இது எங்க வாங்கினது?" என்று வண்டிக்காரரைக் கேட்டேன்.

"பைபாஸ்ல கேமரா மெஷின் வச்ச கம்பெனி இருக்குதே, அங்க தள்ளிவுடுற ரிஜெக்ட்டும்மா. வெல கம்மி. ஆனா நல்ல பருப்பவிட இதான் இனிப்பு. அந்த மெஷினுக்கு இன்னா பேஜாரோ, நல்லதையே வெளிய தள்ளுது" என்றார் அவர்.

அவர் வேடிக்கையாகத்தான் சொன்னார். எனக்கு அது வேடிக்கையாகப் படவில்லை. அங்கேயே சிமென்ட் பெஞ்சில் உட்கார்ந்தேன். என் பஸ் வந்ததையும் போனதையும் நான் பார்க்கவில்லை.

திண்டிவனம் மில்லில் நாம் பக்கத்துப் பக்கத்துச் சாக்கில் உட்கார்ந்திருந்த காலம் கண்முன் வந்து நின்றது. உடைப்பு மெஷினிலிருந்து விழும் பருப்பை முறத்தில் வாங்கி, மூன்றாகப் பிரிப்போம். நல்லது வெளிநாட்டுக்கு. சுருங்கினது கழிவு என்று எண்ணெய்க்கு. கெட்டது குப்பைக்கு. "லேசா சுருங்கினத நல்லதுல போடுங்கம்மா, ரொம்ப சுருங்கினதுதான் கழிவு" என்று மேஸ்திரி தினமும் ஒரு தடவை கத்துவார். நாமும் தினமும் தலையை ஆட்டுவோம். ஆனால் லேசாகச் சுருங்கினதுதான் வாயில் போட்டால் இனிக்கும். சனிக்கிழமை சாயங்காலம் கழிவுக் குவியலில் ஆளுக்கு ஒரு மடி அள்ளிக்கொள்ளலாம் என்பது அந்த மில்லின் பழைய வழக்கம். அப்புறம் எந்தக் கைதான் இனிப்பானதைக் கப்பலுக்கு அனுப்பும்? ஒருத்தி சொல்லி ஒருத்தி செய்ததில்லை. எல்லோருடைய கட்டைவிரலும் தானாகவே அதைக் கழிவுப் பக்கம் தள்ளிவிடும். மேஸ்திரிக்கும் தெரியும். அவரும் சனிக்கிழமை ஒரு பை கொண்டுவருவார்.

"பெருசு கப்பல்ல போவட்டும்டி. இனிப்பு நம்ம புள்ளைங்களுக்கு" என்பாய் நீ.

உன் ஜெசி அப்போது வாசலிலேயே காத்திருப்பாள். நீ மடியை அவிழ்க்கும் வரைக்கும் அவளுக்குப் பொறுக்காது. முட்டிக்கொண்டு வந்து நிற்பாள்.

பிறகு அந்த மெஷின் வந்தது. ஒரு ஆள் உயரம் இருக்கும். கண்ணாடிக்குப் பின்னால் வெள்ளை வெளிச்சம். அதை நிறுத்த வந்த இன்ஜினீயர் தம்பி நல்ல பையன்தான், மரியாதையாகப் பேசினார். மெஷினுக்கு எது நல்லது, எது கழிவு என்று முதலில் காட்ட வேண்டுமாம். காட்டினால் அப்படியே பிடித்துக்கொள்ளுமாம். "உங்கள்ல நல்லா பொறுக்குறவங்க யாரு?" என்று கேட்டார். அத்தனை பேரும் உன்னைத்தான் காட்டினோம். பெருமையோடு காட்டினோம். நீ வெட்கப்பட்டு முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தாய்.

மறுநாள் மாதா திருவிழாவுக்கு எடுத்த நீலப் புடவையைக் கட்டிக்கொண்டு வந்தாய். மல்லாட்டை பொறுக்க யாராவது திருவிழாப் புடவையில் வருவார்களா என்று உன்னை ஓட்டினோம். நீ மூன்று தட்டை முன்னால் வைத்துக்கொண்டு, இன்ஜினீயர் தம்பி பக்கத்தில் நிற்க, ஒவ்வொன்றாகப் பொறுக்கிப் போட்டாய். அவர் தட்டுத்தட்டாக மெஷினில் கொட்டிக் காட்டினார். "இனிமே நமக்கு கண்ணுவலி மிச்சம்டி. கெட்டதெல்லாம் அது பாத்துக்கும்" என்று நீ வந்து சொன்னாய். முதலாளி கொடுத்த சுவீட் பாக்ஸை எல்லோருக்கும் நீட்டினாய். எல்லோரும் எடுத்துத் தின்றோம். சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அதை நாம் இனிப்போடு செய்தோம்.

மெஷினை ஓட்டிக் காட்டிய நாளை நீ சாகும் வரை மறக்கவில்லை. நானும் மறக்கவில்லை. மேலிருந்து பருப்பு மழை மாதிரி கொட்டியது. டப் டப் என்று காற்று அடித்துக் கழிவைத் தனியாகத் தள்ளியது. ஐயோ, என்ன அழகா பண்ணுது பாருங்கடி என்று முதலில் சிரித்தோம். நாம் எல்லோரும் சேர்ந்து ஒரு நாள் முழுக்கப் பொறுக்குவதை, டீ வருவதற்குள் அது முடித்துவிட்டு அடுத்த மூட்டைக்குக் காத்திருந்தது. அப்போது சிரிப்பு நின்றது. யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை. நான் உன்னைப் பார்த்தேன். நீ உன் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாய்.

"திங்கக்கிழமை சொல்லி அனுப்புறோம்" என்றார் மேஸ்திரி. அந்தத் திங்கள் இன்னும் வரவில்லை.

அதோடு போயிருந்தால் பரவாயில்லை. வேலை போனது நமக்கு மட்டும்தான், மில் நம்மூரில் இருக்கும் என்றுதானே நினைத்தோம். அந்த மெஷினுக்குத் தீனி போட நம் ஊர்ப் பக்கத்து மல்லாட்டை போதவில்லை. பாதி நாள் சும்மா நின்றது. விழுப்புரம் பைபாஸில் பெரிய கம்பெனி ஒன்று வந்து எல்லா லோடையும் இழுத்துக்கொண்டது. ஓமந்தூர் பக்கத்து மூட்டைகூட நம் மில் வாசலைத் தாண்டி அங்கேதான் போனது. முதலாளி மெஷினை விற்றுவிட்டு மில்லைக் கல்யாண மண்டபம் ஆக்கினார். பக்கத்து மில்களும் ஒவ்வொன்றாகச் சாத்தின. டீக்கடை போனது, மூட்டை தூக்குகிறவர்கள் போனார்கள், சாக்குத் தைக்கும் பாய் கோட்டக்குப்பத்துக்கே திரும்பிப்போய் மகனை வெளிநாட்டுக்கு அனுப்பினார். ஒரு ஊரின் பிழைப்பைக் காற்றடித்துத் தள்ளிவிட முடியும் என்று யாராவது முன்னாடி சொல்லியிருந்தால் பைத்தியம் என்றிருப்பேன்.

பழி மட்டும் ஊரைவிட்டுப் போகவில்லை. அது உன் வீட்டு வாசலில் உட்கார்ந்தது. "மெஷினுக்கு டீச்சரம்மா போறாங்க பாரு" என்று தண்ணீர்க் குழாயில் சொன்னார்கள். "வேலில போற ஓணான எடுத்து மடில வுட்டவ" என்றார்கள். உன்னைக் கைகாட்டிய அதே வாய்கள்தான். கோயிலில் முன்வரிசையில் உட்காருகிறவள் கடைசித் தூணுக்குப் போய்விட்டாய். எனக்கு அவர்கள்மேல் வந்த ஆத்திரத்தைவிட உன்மேல்தான் அதிகம் வந்தது.

"நீ இல்லன்னா வேற ஒருத்தி காட்டியிருப்பா" என்றேன்.

"வேற ஒருத்தி இல்லியேடி. நான்தான. எல்லாரு சோத்துலயும் நான்தான மண்ணப் போட்டேன்."

சர்க்கரை முற்றி ஆஸ்பத்திரியில் கிடந்தபோதும் இதையேதான் சொன்னாய். நான் உன் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். நினைவில்லாத நேரத்திலும் உன் கட்டைவிரல் எதையோ ஒரு பக்கமாகத் தள்ளிக்கொண்டே இருந்தது. அதை நிறுத்தச் சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

பொட்டலத்தை வாங்கிய வாரமே லீவு நாளில் அந்தக் கம்பெனிக்குப் போனேன். கூட்டுகிற வேலை ஏதாவது இருக்கிறதா என்று கேட்கிற சாக்கில் உள்ளே நுழைந்தேன். மெஷினை ஓட்டுகிறவர் நடுத்தர வயசுக்காரர். நம் மெஷினேதான், தோழி. பக்கவாட்டில் நம் மில் பெயரின் பாதி எழுத்து இன்னும் இருக்கிறது.

"திண்டிவனத்துல வாங்கினது. வரும்போது இருந்த செட்டிங்குதான்" என்றார் அவர். "லேசா சுருங்குன நல்ல பருப்பையும் தள்ளிடுது. மாத்த ஆள் வரணும்னாங்க, வரல. ரிஜெக்ட்டும் வித்துப்போவுது, அப்டியே உட்டுட்டோம்."

கண்ணாடிக்கு அருகில் போய்ப் பார்த்தேன். பருப்பு கொட்டுகிறது. கொழுத்தது நேராக விழுகிறது. லேசாகச் சுருங்கினது வந்ததும், டப், ஒரு பக்கமாகத் தள்ளுகிறது. மறுபடி, டப். உன் கட்டைவிரல். மேஸ்திரி சொன்ன கணக்கு அதில் இல்லை, நாம் செய்த கணக்குதான் இருக்கிறது. திருவிழாப் புடவை கட்டிக்கொண்டு அத்தனை கவனமாகச் சொல்லிக்கொடுத்தாயே, அப்போதும் உன் கை பிள்ளைகளுக்கு ஒதுக்கிக்கொண்டுதான் இருந்திருக்கிறது. உனக்கே தெரியாமல். நம் பிழைப்பைத் தின்ற மெஷின், அன்று முதல் இன்று வரை, தினமும் நம் சனிக்கிழமையைச் செய்துகொண்டிருக்கிறது. கண்ணாடி ஓரத்தைப் பிடித்துக்கொண்டேன். அழுகை வந்ததா சிரிப்பு வந்ததா என்று தெரியவில்லை. "இன்னாம்மா, மயக்கமா?" என்று அவர் தண்ணீர் கொடுத்தார்.

இதை உன்னிடம் சொல்ல முடியாது. உன் மகளிடமாவது சொல்ல வேண்டும் என்று ஞாயிற்றுக்கிழமை ஒரு பொட்டலத்தோடு திண்டிவனம் போனேன். ஜெசி இப்போது சென்னை ரோட்டில் செல்போன் செய்கிற கம்பெனியில் இருக்கிறாள். விடியும் முன்னே கம்பெனி பஸ் வந்து ஏற்றிக்கொண்டு போகிறது. அன்று பூசை முடிந்து அப்போதுதான் வந்திருந்தாள். ஒரு பருப்பை வாயில் போட்டதும் என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"அத்தே, இது அம்மா கொண்டார்ற பருப்பு."

எல்லாவற்றையும் சொன்னேன். உன் படத்தைப் பார்த்துக் கொஞ்ச நேரம் அழுதாள். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, "எனக்கும் ஒரு சேதி இருக்குது அத்தே, நீங்க வந்தா சொல்லலாம்னு இருந்தேன்" என்று உள்ளே போனாள். கையில் ஒரு சுவீட் பாக்ஸோடு வந்தாள்.

"எங்க லைன்ல கை நல்லா ஓடுறது யாருன்னு மேல இருந்து கேட்டாங்க. எல்லாரும் என்னத்தான் காட்டுனாங்க. நெத்தில ஒரு கேமரா கட்டிவுட்டாங்க. நான் வேல செய்றத அது பாத்துக்கினே இருக்குமாம். இந்தாங்க, எடுத்துக்கோங்க."

பாக்ஸைத் திறந்து என் முன்னால் நீட்டினாள். என் கை பாதி வழியில் நின்றுவிட்டது. அப்படி ஒரு பயம் என் ஆயுசில் எனக்கு வந்ததில்லை. நீ செத்தபோதுகூட வரவில்லை.

நின்றுபோன என் கையைப் பார்த்தே அவளுக்குப் புரிந்துவிட்டது. மெதுவாகப் பாக்ஸை மூடினாள்.

"வேணாம்னு சொல்லிடேன்" என்றேன்.

"சொன்னா பக்கத்துல இருக்கறவ நெத்தில கட்டுவாங்க, அத்தே. நீங்கதான அம்மாகிட்ட சொன்னீங்க, வேற ஒருத்தி காட்டியிருப்பான்னு." உள்ளங்கையில் இருந்த பருப்பையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அம்மா மெஷினுக்குச் சொல்லிக்குடுத்ததுல நமக்குன்னு ஒண்ணு உள்ள போயிடுச்சி. இந்த கேமராவ வச்சி மெஷின் கத்துக்கப்போறது நான் ஒரு ஸ்க்ரூ மாட்டுறத. அதுல நான் இன்னாத்த ஒதுக்குறது?"

உன் மகள் கெட்டிக்காரி. நீ யார் சோற்றிலும் மண் போடவில்லை, பஸ் ஸ்டாண்டில் பசியோடு நிற்கிற பிள்ளைகளுக்கெல்லாம் இன்னும் மடி அவிழ்த்துக்கொண்டிருக்கிறாய் என்று சொல்லத்தான் இந்த மடலைத் தொடங்கினேன். அதை மட்டும் சொல்லி முடிக்க உன் மகள் விடவில்லை.

கிளம்பும்போது மிச்சப் பருப்பை அவளிடம் கொடுத்து, நாளைக்கு வேலைக்கு எடுத்துக்கொண்டு போ என்றேன். சும்மா கூட வைத்துக்கொள், அம்மா கூட இருக்கிற மாதிரி இருக்கும் என்றேன். அவள் வாங்கி, கொஞ்ச நேரம் கையில் வைத்திருந்துவிட்டுத் திரும்பக் கொடுத்தாள்.

"எங்க கம்பெனி டிரஸ்ஸுல பாக்கெட்டே வெக்க மாட்டாங்க, அத்தே."

அதனால் அது இப்போது என் மடியில்தான் இருக்கிறது.