அப்பா எழுதிக்கொடுத்த பிறந்த நாள்

2023 ஜனவரி 23, திங்கள்

மழை. கோழிகள் கூட்டை விட்டு வரவில்லை. நானும் வாசல் தாண்டவில்லை.

நேற்று பூசை முடிந்து வீட்டுக்குள் நுழைகிறேன், கோல்மன் போன். ஞாயிறு தவறாமல் பாஸ்டனிலிருந்து கூப்பிடுகிறவன்தான், முப்பத்துமூன்று வருஷமாக. காற்று எப்படி, யார் செத்தார்கள், யார் படகை விற்றார்கள் என்று ஊர் வம்பெல்லாம் கேட்பான். நேற்று எதையும் கேட்கவில்லை. "ம்மா, உக்காந்திருக்கியா?" என்றான். கோட்டைக்கூடக் கழற்றாமல் நின்றுகொண்டிருந்தேன். உட்கார்ந்திருக்கிறேன் என்று பொய் சொன்னேன்.

கணையத்தில் கட்டி. ஈரலுக்கும் பரவிவிட்டது. டாக்டர் வருஷக் கணக்கு பேசவில்லையாம், மாதக் கணக்குத்தான்.

"நீ வரியா?" என்று கேட்டான். இத்தனை வருஷத்தில் ஒரு தடவையும் கேட்டதில்லை.

ஜனவரி 24

அவனால் வர முடியாது. இருபத்திரண்டு வயதில் சுற்றிப் பார்க்கப் போகிறேன் என்று போய், அனுமதி இல்லாமல் அங்கேயே தங்கிவிட்டவன். அந்த நாட்டை விட்டு ஒருமுறை காலை வெளியே வைத்தால் பத்து வருஷம் உள்ளே விடமாட்டார்கள். அவன் மனைவி டெல்மா பிரேசில்காரி, அவளுக்கும் அதே கதிதான். பிள்ளை குட்டி இல்லை. அவனுக்கு அவள், அவளுக்கு அவன். அப்பன் செத்தபோதுகூட அதனால்தான் வரவில்லை.

நான் போயிருக்கலாம்.

"போனவன்தான் வரணும், இருக்கறவங்க எதுக்கு அலையணும்?" என்று என் வீட்டுக்காரர் ஃபெஸ்டி சொல்வார். செத்தவர் மேல் பழி போட்டு என்ன? நானும் அதையேதான் சொன்னேன், எங்கள் ஊர் காராரோ கடைத்தெருவில், நாலு பேர் காதில் விழும்படி. இங்கிலாந்துக்கு இரண்டு தடவை கப்பலில் போயிருக்கிறேன். அதற்கு பாஸ்போர்ட் யாரும் கேட்கவில்லை. இந்த வயது வரை எனக்கு பாஸ்போர்ட் கிடையாது.

ஜனவரி 28, சனி

ஓர்லா கால்வேயிலிருந்து வந்தாள். என் மகளின் மகள். நர்ஸுக்குப் படிக்கிறாள், மூன்றாம் வருஷம், வகுப்பில் முதல் ஐந்து பேரில் ஒருத்தி. இதை எழுதாமல் இருக்க முடியுமா!

"பாட்டி, பாஸ்போர்ட்டுக்கு எழுதிப் போடறது லேப்டாப்ல பத்து நிமிஷ வேலை. நீ மூஞ்சிய மட்டும் காட்டு, மிச்சத்த நான் பாத்துக்கறேன்."

எனக்குத் தாளில்தான் வேண்டும் என்றேன். என் மகனைப் பார்க்கப் போகிற விண்ணப்பம், என் கையால் எழுதுவேன். ஐந்தாம் வகுப்போடு நின்றவள் என்று ஊருக்கே தெரியும். ஆனால் கையெழுத்தில் அந்தப் பள்ளியில் என்னை மிஞ்சினவர் இல்லை.

"கையெழுத்துக்கெல்லாம் மார்க் போடமாட்டாங்க பாட்டி."

போடமாட்டார்கள்தான். அதற்காகக் கோணலாக எழுத முடியுமா?

ஜனவரி 30

மருந்துக்கடையில் படம் எடுத்தார்கள். கண்ணாடியைக் கழற்று, முடியை ஒதுக்கு, சிரிக்காதே. நாலு படத்திலும் யாரையோ அடக்கம் செய்துவிட்டு வந்தவள் மாதிரி இருக்கிறேன்.

அங்கிருந்து போலீஸ் நிலையம். இப்போதெல்லாம் வாரத்தில் இரண்டு நாள்தான் திறக்கிறார்கள். நம்மைத் தெரிந்த ஒருவர் முன்னால் கையெழுத்துப் போட வேண்டும், அவர் படத்தின் பின்னால் எழுதி முத்திரை வைக்க வேண்டும். சார்ஜன்ட் டியர்னி படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"சிரிக்கவே கூடாதாமே?" என்றேன்.

"அது உங்களுக்கு ஒரு கஷ்டமா, சபீனா?" என்றார். திமிர் பிடித்தவர். இருந்தாலும் நல்ல மனுஷர். பிறப்புச் சான்றிதழ், கல்யாணச் சான்றிதழ், வீட்டு விலாசத்துக்குக் கரண்ட் பில் எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தார். "பொறந்த தேதிய நிரப்பலயே?" என்றார். வீட்டில் போய் நிரப்பிக்கொள்கிறேன் என்றேன்.

பிப்ரவரி 1, புதன்

இன்று எனக்கு எழுபத்தேழு. புனித பிரிஜித் நாளில் பிறந்தவள். காலையில் விண்ணப்பத்தை மேசையில் விரித்து வைத்தேன்.

பிறந்த தேதிக்கான அந்தக் கட்டம்.

அப்பா என் பிறப்பைப் பதிய நகரத்துக்குப் போனது ஏப்ரலில். அது வரைக்கும் கடல் வேலை, உருளைக்கிழங்கு நடவு, வீட்டில் உதவிக்கு ஆள் இல்லை. தாமதமாகப் பதிந்தால் அபராதம். எழுத்தர் பேனாவை மையில் தொட்டுக்கொண்டு "எப்ப பொறந்தது?" என்று கேட்டதும், அப்பா அபராதம் விழாத தேதியாகக் கணக்குப் போட்டு, "மார்ச் பதினொண்ணு" என்று சொல்லிவிட்டு வந்தார். அந்தக் காலத்தில் இந்தக் கடற்கரையில் பாதிப் பேருக்கு இப்படித்தான். ஆனால் சாமியார் தன் ஏட்டில் எழுதியிருக்கிறார், பிப்ரவரி நாலாம் தேதி ஞானஸ்நானம் என்று. "பொறக்கறதுக்கு அஞ்சு வாரம் முன்னாலயே ஞானஸ்நானம் வாங்கிட்ட புண்ணியவதி" என்று ஃபெஸ்டி என்னைக் கேலி செய்யாத வருஷமில்லை.

பென்ஷனுக்கு, ஆஸ்பத்திரிக்கு எல்லாம் வேறு யாரோ எழுதினார்கள். மார்ச் பதினொன்று என்று எழுதினார்கள், நான் வாயை மூடிக்கொண்டிருந்தேன். என் கையால் அதை எழுதினதில்லை. இந்த விண்ணப்பத்தின் அடியில் 'மேலே சொன்னதெல்லாம் உண்மை' என்றிருக்கிறது, அதன் கீழே என் பெயர். உண்மையைத்தான் எழுதினேன். பிப்ரவரி ஒன்று. சான்றிதழை பிஸ்கட் டப்பாவிலேயே வைத்துவிட்டு, ஞானஸ்நானச் சீட்டையும், நடந்ததை விளக்கி ஒரு பக்கக் கடிதத்தையும் சேர்த்தேன். அழகான கடிதம்.

மதியம் தபாலில் கொடுத்தேன். தலை நிமிர்ந்து நடந்து வந்தேன்.

பிப்ரவரி 5

கோல்மனிடம் அனுப்பியாச்சு என்றேன். "எங்கம்மா ப்ளேன்ல! பைலட்டுக்கு ஓட்டத் தெரியலன்னு சொல்லுவ" என்றான். சிரித்தான், உடனே இருமல். போனை டெல்மா வாங்கிக்கொண்டாள். "அத்தை, உங்களுக்கு ஜன்னல் பக்கத்து ரூம் தயார் பண்ணிட்டேன்" என்றாள். அவள் குரலை இவ்வளவு நேரம் கேட்டது இதுதான் முதல் தடவை.

பிப்ரவரி 14

தபால்காரர் வந்தார். கரண்ட் பில்.

பிப்ரவரி 19

கோல்மன் இன்று இரண்டு நிமிஷம்தான் பேசினான்.

பிப்ரவரி 27, திங்கள்

திரும்பி வந்துவிட்டது.

மொத்தமும். படங்கள், சீட்டு, என் கடிதம், எல்லாம் ஒரே உறையில். மரியாதையாகத்தான் எழுதியிருக்கிறார்கள். எழுதிய பிறந்த தேதிக்குச் சான்று இல்லை, அரசாங்கச் சான்றிதழில் உள்ள தேதியையே எழுத வேண்டும், சான்றிதழை இணைக்க வேண்டும், புதிதாக அனுப்பவும்.

அவர்கள் மேல் என்ன தப்பு? ஒரு தப்பும் இல்லை.

இருபத்தாறு நாள்.

பிப்ரவரி 28

என்ன பெரிய மனுஷி நான்? சொல்லு சபீனா. எவனோ ஒரு எழுத்தன்கிட்ட எங்கப்பா சொன்ன பொய்க்கு, எழுபத்தேழு வருஷம் கழிச்சு, என் புள்ள சாகக் கிடக்கறப்பதான் நியாயம் கேக்கணுமா? யாருக்கு வேணும் என் உண்மை? அந்தப் பொண்ணு பத்து நிமிஷம்னு சொன்னாளே. தலையாட்டியிருந்தா ஆயிருக்கும்ல. கையெழுத்தாம் கையெழுத்து—

ஓர்லா பஸ் பிடித்து வந்தாள். திட்டவில்லை. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். பிஸ்கட் டப்பாவைத் திறந்து சான்றிதழை எடுத்து மேசையில் வைத்தாள். "எழுது பாட்டி. நான் பக்கத்துலயே இருக்கேன்" என்றாள்.

11 மார்ச் 1946. எழுதினேன். ஐந்து நொடிகூட ஆகவில்லை.

மார்ச் 2

டியர்னி மறுபடியும் முத்திரை வைத்தார். கிண்டல் பண்ணவில்லை. ஓர்லா சொல்லியிருப்பாள். தபாலில் சேர்த்தாயிற்று. அவசரம் என்று டாக்டரின் கடிதமும் வைத்திருக்கிறாள்.

மார்ச் 11, சனி

காகிதப்படி இன்றுதான் பிறந்தேன்.

கோல்மன் கூப்பிட்டான். சனிக்கிழமை கூப்பிடுகிறவன் இல்லை. பயந்துகொண்டே எடுத்தேன்.

"ம்மா, புதன்கிழம ஷானன் ஏர்போர்ட்ல எறங்கறேன்."

எனக்குப் புரியவில்லை. "யாரு எறங்கறா?" என்றேன்.

"நான்தான். இந்த வாரம் ப்ளேன் ஏறலாம், அடுத்த வாரம் உறுதி சொல்ல மாட்டேன்னுட்டாரு டாக்டர். உன் பாஸ்போர்ட்டு எப்ப வரும்னு ரெண்டு பேருக்கும் தெரியாது. உன்னப் பாக்காம போக மாட்டேன், அவ்ளோதான்."

சந்தோஷம்தான் முதலில் வந்தது. அதை மறைக்காமல் எழுதுகிறேன். என் பிள்ளை வீட்டுக்கு வருகிறான்! ஓடிப்போய் அவன் அறை ஜன்னலைத் திறந்தேன், மெத்தையைத் தட்டினேன், கம்பளியை அடுப்புப் பக்கம் விரித்தேன். தலையணைக்கு உறை மாட்டிக்கொண்டிருந்தபோதுதான் நினைவு வந்தது.

டெல்மாவால் வர முடியாது. அவன் திரும்பிப் போக முடியாது.

மார்ச் 15, புதன்

சக்கர நாற்காலியில் தள்ளிக்கொண்டு வந்தார்கள். போகும்போது இருபத்திரண்டு வயது, கதவில் தலை இடிக்கிற உயரம். இன்று அந்த நாற்காலியில் எங்கள் அப்பா உட்கார்ந்திருப்பது போல இருந்தது.

"எங்கம்மா இவ்ளோ குள்ளமா?" என்றான். ஓர்லா காரை ஓட்டினாள்.

மார்ச் 19

அன்னையர் தினம். "கார்டு வாங்கல ம்மா" என்றான். போடா என்றேன். இரண்டு ஸ்பூன் சூப் குடித்தான்.

மார்ச் 22

டெல்மா தினமும் போனில் வருகிறாள். வேலைக்குப் போகும் முன்னால் ஒரு தடவை, வந்த பின்னால் ஒரு தடவை. தலையணை மேல் போனைச் சாய்த்து வைத்துவிட்டு நான் வெளியே போய்விடுவேன். அவள் மொழியில்தான் பேசுகிறார்கள். கதவுக்கு இந்தப் பக்கம் கேட்கிறது. சிரிக்கிறான். என்னிடம் அந்தச் சிரிப்பைச் சிரித்ததில்லை.

"வலது பக்கமா படுக்க வையுங்க அத்தை, இடது பக்கம் படுத்தா மூச்சு வாங்கும்" என்று சொன்னாள். பெற்றவளுக்குத் தெரியாததை அவள் சொல்லித் தெரிந்துகொண்டேன்.

மார்ச் 29

பாஸ்போர்ட் வந்தது.

புத்தம் புதுசு. உள்ளே அந்த அடக்கம் செய்துவிட்டு வந்த முகம். கோல்மன் கையை நீட்டினான், கொடுத்தேன். ரொம்ப நேரம் பார்த்தான். "அஞ்சு வாரம் எளமையாயிட்ட, ம்மா" என்றான். நான் சிரிக்கட்டும் என்றுதான் அப்படிச் சொன்னான். சிரித்தேன். பிறகு கொல்லைப் பக்கம் போய்க் கோழிக்குத் தீனி போட்டேன், ஏற்கனவே போட்டிருந்தும்.

ஏப்ரல் 2, குருத்தோலை ஞாயிறு

காலை பத்தேகால். அவன் கை என் கையில் இருந்தது.

அங்கே விடிந்திருக்கவில்லை. நான்தான் டெல்மாவை எழுப்பிச் சொன்னேன்.

ஏப்ரல் 5, புதன்

அடக்கம் முடிந்தது. இரண்டு நாளும் வீடு நிறைய ஆள், தேநீர், ரொட்டி, ஜெபமாலை. "கடசில உன்கிட்ட வந்துட்டான் பாரு, குடுத்து வெச்சவ நீ" என்று ஆளுக்கு ஆள் கையைப் பிடித்துச் சொன்னார்கள். ஒவ்வொரு தடவையும் கையை உருவிக்கொண்டு தேநீர் ஊற்றப் போனேன்.

கோவிலில் கேமரா வைத்திருக்கிறார்கள், வர முடியாதவர்கள் வீட்டிலிருந்தே பூசை பார்க்கலாம். டெல்மா அதில்தான் பார்த்தாள். கேமரா பீடத்தைப் பார்த்த மாதிரியே இருக்கும், திரும்பாது. பெட்டியின் கால்மாடு மட்டும் கொஞ்சம் தெரிந்தது என்றாள். அதையே பார்த்துக்கொண்டிருந்தேன் என்றாள்.

ஏப்ரல் 20

நான் ஒழுங்காக எழுதியிருந்தால் மார்ச் முதல் வாரத்திலேயே அங்கே போயிருப்பேன். அவன் தன் கட்டிலில், தன் மனைவி பக்கத்தில் கண் மூடியிருப்பான். நானும் கூட இருந்திருப்பேன். எல்லாருக்கும் எல்லாம் கிடைத்திருக்கும். அவளுக்கு உரியதை எடுத்து நான் வைத்துக்கொண்டிருக்கிறேன்.

இதை எந்தப் பாவசங்கீர்த்தனத்தில் சொல்வது? சாமியார் "இது பாவமில்லம்மா" என்பார். அவருக்கு என்ன தெரியும்!

மே 3

அமெரிக்காவுக்கு அனுமதி வாங்க வேண்டுமாம். ஓர்லா லேப்டாப்பில் செய்தாள். பிறந்த தேதி கேட்டாள். சொன்னேன். பத்து நிமிஷம்கூட ஆகவில்லை.

மே 20, சனி. பாஸ்டன்

டெல்மா விமான நிலையத்துக்கு வரவில்லை. அங்கே சீருடைக்காரர்கள் நிறைய, அவள் அந்தப் பக்கமே போவதில்லையாம். அன்றைக்கும் அவனை வாசலில் இறக்கிவிட்டு வண்டியிலிருந்தபடியே பார்த்தாளாம். நான் டாக்ஸியில் வந்தேன். மூன்றாம் மாடி. கதவைத் திறந்தவள் என்னைவிடக் குள்ளம்.

பையை இறக்கும் முன்பே சொல்லிவிட்டேன். தேதி, சீட்டு, கடிதம், என் கர்வம், எல்லாவற்றையும். நின்றபடியே சொன்னேன். அவள் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"தெரியும் அத்தை. ஏர்போர்ட் போற வழியெல்லாம் அவரு அதச் சொல்லிச் சொல்லிச் சிரிச்சாரு" என்றாள். அப்புறம் அடுப்பை அணைத்துவிட்டு வந்தாள். "நான் சிரிக்கல."

சரி என்றேன்.

கருப்புப் பயறும் சோறும் வைத்தாள். இரண்டு பேரும் சாப்பிட்டோம். தட்டுகளை எடுத்துவிட்டு எனக்கு எதிரே உட்கார்ந்தாள்.

"பத்தொம்பது நாள் உங்ககிட்ட இருந்தாரு. அந்தப் பத்தொம்பது நாளும் எனக்கு வேணும். ஒரே மூச்சுல சொல்லிடாதீங்க. தெனம் ஒரு நாள்."

இன்று முதல் நாளைச் சொன்னேன், சக்கர நாற்காலியிலிருந்து வீடு வரைக்கும். வழியில் மழை பெய்ததா என்று கேட்டாள். பெய்யவில்லை, வெயில் அடித்தது, கண்ணாடியை இறக்கச் சொன்னான் என்றேன். அதை இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள்.

இன்னும் பதினெட்டு இருக்கிறது.