மந்திரத்தில் உங்கள் பாதி

என்னைத் திட்டுவதற்கென்றே சர்வேசுரன் பார்த்துப் பார்த்து அனுப்பிவைத்த என் பிரியமான அண்ணிக்கு,

நீங்கள் போய் ஆறு மாதம் ஆகிறது. சௌக்கியமா என்று கேட்கலாமா கூடாதா என்று தெரியவில்லை. மோட்சத்தில் இருப்பவரிடம் நலம் விசாரிப்பது விசுவாசக் குறைவு என்பீர்கள். பாவம் தீரக் காத்திருக்கிற உத்தரிக்கிற ஸ்தலத்தில் இருக்கிறீர்களா என்று கேட்டாலோ, அங்கிருந்தே செருப்பு பறந்து வரும். ஆகையால் என் சௌக்கியத்தைச் சொல்லிவிடுகிறேன். சர்க்கரை ஏறியிருக்கிறது. உடம்பு இறங்கவில்லை. பட்டுக்கடையில் இன்னும் நாள் முழுக்கச் சேலை மடித்துக்கொண்டிருக்கிறேன். ஒரு கல்யாண வீட்டுக் கூட்டம் வந்து அலமாரியில் பாதியைப் பிரித்துப் போட்டுவிட்டு, இந்தப் பச்சை இன்னும் கொஞ்சம் பச்சையாக இருக்குமா என்று கேட்டுவிட்டுப் போகிறது.

அதைவிடப் பெரிய செய்தி ஒன்று உண்டு. இந்த ஐம்பத்திரண்டு வயதில் என்னைப் பற்றி ஊரில் ஒரு கிசுகிசு கிளம்பிவிட்டது. இளவயதில் ஒன்றுகூடக் கிளம்பவில்லையே என்று எனக்கு ஒரு மனக்குறை இருந்தது உங்களுக்குத் தெரியும். அது தீர்ந்தது. தீர்த்துவைத்தது நீங்கள்தான்.

கதை ஜெபமாலையில் தொடங்குகிறது. இந்தக் கடிதத்தை ஒட்டுக் கேட்கிறவர்களில் விவரம் தெரியாதவர்களும் இருப்பார்கள், அவர்களுக்காக ஒரு வார்த்தை. ஜெபமாலையில் மாதாவை வாழ்த்தும் மந்திரத்தை ஒவ்வொரு மணிக்கும் ஒரு தடவை சொல்ல வேண்டும், பத்துப் பத்து மணியாக ஐந்து பத்து. முதல் பாதியை ஒருவர் சொல்வார், மீதியை மற்றவர் சொல்வார். நம் வீட்டில் முதல் பாதி உங்களுடையது, மீதி என்னுடையது. இருபத்தேழு வருஷம், தினமும் சாயங்காலம் ஏழு மணி.

நான் கல்யாணமாகி இந்த வீட்டுக்கு வந்த முதல் சாயங்காலம் ஞாபகம் இருக்கிறதா? என் வீட்டுக்காரரின் அக்கா, நான் அண்ணி என்று கூப்பிட வேண்டியவர், கல்யாணமே வேண்டாம் என்று இருந்துவிட்டவர், பயபக்தி உள்ளவர் என்றெல்லாம் சொல்லி உங்கள் முன்னால் என்னை முழந்தாளிட வைத்தார்கள். நீங்கள் 'பிரியதத்தத்தினாலே பூரண மரியாயே' என்று கணீரென்று ஆரம்பித்தீர்கள். செங்கல்பட்டு கான்வென்ட்டில் படித்த நான், 'அர்ச்சிஷ்ட மரியாயே' என்று வர வேண்டிய மீதியைப் புதுத் தமிழில் 'தூய மரியே' என்று சொன்னேன். நீங்கள் மாலையை மடியில் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தீர்கள்.

"இன்னாமா இது, மந்திரம் பாதியிலயே வேற வூட்டுக்குப் போவுது?"

சிஸ்டர்கள் அப்படித்தான் சொல்லிக் கொடுத்தார்கள் என்றேன். அப்படியானால் சிஸ்டர்களோடு போய்ச் சொல்லிக்கொள் என்றீர்கள். அன்று முதல் நம் வீட்டில் மாதாவுக்கு ஒரே மந்திரம் இரண்டு தமிழில் போய்ச் சேர்ந்தது. நீங்களும் விட்டுக் கொடுக்கவில்லை, நானும் விட்டுக் கொடுக்கவில்லை. உங்கள் தம்பிதான் பாவம், எந்தப் பக்கமும் கோபித்துக்கொள்ளக் கூடாதென்று உதட்டை மட்டும் அசைத்துவிட்டு, ஆமென்னை மட்டும் சத்தமாகச் சொல்வார். அவர் போன பிறகு அந்த ஆமென்னுக்கும் நாம் இருவரே பொறுப்பானோம்.

ஒருநாள் உங்களைச் சீண்ட நினைத்து, பிரியதத்தம் என்றால் என்ன அர்த்தம் அண்ணி, நீங்களே சொல்லுங்கள் பார்க்கலாம் என்றேன். நீங்கள் அர்த்தம் சொல்லவில்லை.

"எங்க பாட்டன் தென்னேரியில அடுத்தவன் நெலத்துல கூலிக்கு ஏர் ஓட்டினவன். சாமி தேர் போற தெருவுல அவன நடக்க வுடல. எழுத்து தெரியாது. அந்த வாயில சாமியாரு உட்கார்ந்து உட்கார்ந்து சர்வேசுரன்னு, பிரியதத்தம்னு சொல்லிக் குடுத்தாரு. அத்தினி பெரிய வார்த்தைய வாய் நெறைய வெச்சிக்கினு நடந்தான். இப்ப நமக்குப் புரியலேன்னு லேசாக்கிக் குடுத்திருக்காங்களாம். புரியலேன்னு யாரு போய் சொன்னது?"

மாட்டிக்கொண்டால் நான் செய்வதை அன்றும் செய்தேன், ஏதோ ஒரு வேடிக்கை பேசிச் சிரித்தேன். என்ன பேசினேன் என்று மறந்துவிட்டது. மறந்ததே நல்லது.

கடைசி நாளிலும் நீங்கள் அப்படித்தான். புதுச் சாமியார், சின்னப் பையன் போல இருந்தவர், சாகக் கிடப்பவர்களுக்குப் பூசும் எண்ணெயோடு வந்து, புதுப் பேரில் 'நோயில்பூசுதல் கொடுக்கப் போறேம்மா' என்றார். கண் திறக்க முடியாமல் கிடந்த நீங்கள் வாயைத் திறந்தீர்கள். "அவஸ்தைபூசுதல்னு சொல்லுங்க சாமி. அவஸ்தையாத்தான் இருக்குது." அவர் திகைத்துப்போய் என்னைப் பார்த்தார். நான் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டேன். சிரிப்பை மறைக்கிறேன் என்று அவர் நினைத்திருப்பார். பாதிதான் சரி.

அடக்கம் முடிந்து சொந்தக்காரர்கள் எல்லாம் பஸ் ஏறிய மறுநாள், ஏழு மணிக்கு நான் மாலையை எடுத்து உட்கார்ந்தேன். முதல் மணியைப் பிடித்தேன். காத்திருந்தேன். நீங்கள் சொல்லி முடிக்க எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம் போனது. பிறகு என் பாதியைச் சொன்னேன். அடுத்த மணியைப் பிடித்து மறுபடியும் காத்திருந்தேன். இது சரியா தப்பா என்று யாரையும் கேட்கவில்லை. எனக்கு வேறு மாதிரி சொல்லத் தெரியவில்லை, அவ்வளவுதான். ஆறு மாதமும் அப்படியே போனது.

இப்போது கிசுகிசுவுக்கு வருகிறேன். நம் பக்கத்து வீட்டு ராஜேஸ்வரியின் தறி நம் சுவரை ஒட்டித்தானே இருக்கிறது. தறியில் உட்கார்ந்திருக்கும்போது சுவர் வழியாக என் குரல் அவளுக்குக் கேட்டிருக்கிறது. உங்கள் குரல் போலக் கணீரென்று இல்லாததால் வார்த்தை புரியவில்லை. நான் கொஞ்சம் பேசுகிறேன், நிறுத்துகிறேன், மறுபடி கொஞ்சம் பேசுகிறேன். தினமும் ஏழு மணிக்கு. தண்ணீர்க் குழாயடியில் அவள் தன் ஓரகத்தியிடம் சொன்னது இவ்வளவுதான்: செலினம்மா யாரோடோ போனில் பேசுகிறார், எதிர்ப்பக்கத்து ஆள்தான் அதிகம் பேசுகிறார் போலிருக்கிறது, இவர் அடக்கமாகப் பதில் மட்டும் சொல்கிறார்.

குழாயடியிலிருந்து பூக்காரியிடம் போனபோது அந்தப் போன் ஆள் ஆண் ஆகிவிட்டார். பூக்காரியிடமிருந்து கோயில் வாசலுக்குப் போனபோது மனைவியை இழந்தவர் ஆனார். நம் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பங்கள் கூடும் அன்பியத்தின் தலைவி பிலோமினா டீச்சரின் காதுக்குப் போய்ச் சேர்ந்தபோது, பேங்கில் ரிட்டையரானவர், பெங்களூரில் சொந்த வீடு. இவ்வளவு நல்ல வரனை என் அப்பாகூட எனக்குத் தேடியதில்லை, அண்ணி. உங்கள் தம்பி கோபித்துக்கொள்ள வேண்டாம்.

டீச்சர் ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து நேரே வீட்டுக்கு வந்தார். கருட சேவைக் கூட்டத்தில் ஆரம்பித்து, மழையில் சுற்றி, என் சர்க்கரையில் வந்து நின்றார். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"செலின், மறுமணம் பாவமில்ல. சபையே அனுமதிக்குது. அவரு கத்தோலிக்கரா? அத மட்டும் சொல்லிடு."

"எவரு டீச்சர்?"

"பெங்களூர்க்காரரு."

சிரித்து முடிக்க எனக்கு நேரமானது. பிறகு உண்மையைச் சொன்னேன். போன் இல்லை, ஜெபமாலை. எதிர்ப்பக்கத்தில் ஆள் இல்லை, அண்ணியின் இடம் என்றேன். டீச்சரின் முகம் மாறிவிட்டது. வந்தபோது அதில் ஆர்வம் இருந்தது, எனக்கு அது பிடித்திருந்தது. இப்போது இரக்கம் வந்து உட்கார்ந்துகொண்டது. பேசாமல் பெங்களூர்க்காரரையே ஒப்புக்கொண்டிருக்கலாம் என்று தோன்றியது.

இரக்கம் வந்தால் மனிதர்கள் உதவி செய்யத் தொடங்கிவிடுகிறார்கள். அக்டோபரில் மாதா சுரூபம், அந்தச் சின்னச் சிலை, வீடு வீடாக வருமல்லவா? டீச்சர் சொன்னார், இந்த வருஷம் உன் வீட்டை விட்டுவிடலாம், ஒண்டியாக இருக்கிறாய், பூ, சுண்டல், நாற்காலி என்று எதற்கு அலைச்சல், அடுத்த வீட்டுக்கு வந்து கலந்துகொள். கிளம்பும்போது இன்னொன்றும் சொன்னார். "அதுவுமில்லாம, வீட்டுக்காரங்கதானே முதல் பாதி சொல்லணும்."

நியாயமான பேச்சு. ஆனால் சுரூபத்தைத் தூக்கிக்கொண்டு பாட்டுப் பாடியபடி எல்லாரும் நம் வாசலைத் தாண்டிப் போவதை நினைத்துப் பார்த்தேன். ஒரு வருஷம் தாண்டிப் போன வாசல் மறு வருஷம் யார் ஞாபகத்துக்கு வரும்? அதற்கடுத்த வருஷம் இங்கே ஒரு கிறிஸ்தவ வீடு இருந்ததா என்று கேட்பார்கள். எனக்குப் பின்னால் இந்த வீட்டில் யாரும் இல்லை. எனக்கு முன்னால் இருந்தவர்களாவது இருக்க வேண்டாமா?

"வரட்டும் டீச்சர்," என்றேன். "முதல் பாதி நான் சொல்றேன்."

வாய் சொல்லிவிட்டது. எட்டு நாள் இருந்தது. அன்று சாயங்காலமே உங்கள் பிரியதத்தத்துக்குப் பதில் புதுத் தமிழில் 'அருள் நிறைந்த' என்று ஆரம்பித்துப் பார்த்தேன். உங்கள் இடத்தில் யாரோ செய்தி வாசிக்கிறவர் வந்து உட்கார்ந்த மாதிரி இருந்தது. சரி, உங்கள் தமிழிலேயே சொல்வோம் என்று பார்த்தால், முதல் வரிக்கு மேல் ஓடவில்லை. இருபத்தேழு வருஷம் கேட்டது எங்கே போனது? யோசித்துப் பார்த்தேன். நீங்கள் உங்கள் பாதியைச் சொன்ன நேரத்திலெல்லாம் நான் மனதுக்குள் உளுந்து ஊறப் போட்டுக்கொண்டிருந்தேன், அண்ணி. என் முறை வரும்போது மட்டும் திரும்பி வருவேன். நீங்கள் ஒரு நாளும் அச்சுப் புத்தகத்தைப் பார்த்துச் சொன்னதில்லை. வீட்டில் இருக்கிற புத்தகம் என்னுடையது, எல்லாம் புதுத் தமிழ்.

யாரைக் கேட்பது? டீச்சரைக் கேட்டால் மறுபடியும் இரக்கம். அந்த எரிச்சலில், கிசுகிசு எங்கே கிளம்பியது என்று விசாரித்துக்கொண்டு ராஜேஸ்வரியிடம் சண்டை போடப் போனேன். அவள் தறியை விட்டு இறங்கி வந்து, கன்னத்தில் போட்டுக்கொண்டு மன்னிப்புக் கேட்டாள். பிறகு ரொம்ப நாளாக மனதில் வைத்திருந்ததைக் கேட்டாள். "செலினம்மா, உங்க நாத்தனாரு தினமும் பிரியா பிரியான்னு ஒரு பொண்ண கூப்பிடுவாங்களே, அது யாரு?"

பிரியதத்தம்தான் அந்தப் பெண் என்றேன். அப்புறம் அவள் செய்ததைக் கேளுங்கள். மறுபடி தறியில் ஏறி உட்கார்ந்து, கால் மிதித்து, உங்கள் பாதியை முதலிலிருந்து கடைசி வரை உங்கள் ராகத்திலேயே சொன்னாள். வீட்டில் தெலுங்கு பேசுகிறவள். பாதி வார்த்தை உடைந்திருந்தது, ஒன்றிரண்டு தெலுங்காகவே மாறியிருந்தது. ஆனால் ஒன்றுகூட விட்டுப்போகவில்லை. "அவங்க நிறுத்தற எடத்துலதாம்மா நான் நாடாவ இழுப்பேன்," என்று ஊடை நூல் ஓட்டும் கட்டையைக் காட்டினாள். உங்களுக்கு எதிரே முழந்தாளிட்டவளுக்குத் தெரியாதது சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தவளுக்குத் தெரிந்திருந்தது. உடைந்த வார்த்தைகளை நான் ஒவ்வொன்றாக ஒட்டவைத்து, எட்டு நாளில் மனப்பாடம் செய்தேன்.

சுரூபம் வந்தது. நாற்காலிகள் ராஜேஸ்வரி வீட்டிலிருந்து, சுண்டல் என்னிடமிருந்து, உப்பு கொஞ்சம் கூட. இருபது பேர் இருப்பார்கள். நான் 'பிரியதத்தத்தினாலே' என்று ஆரம்பித்ததும் காலேஜ் படிக்கிற ஒரு பெண் பக்கத்தில் இருந்தவளிடம், இது என்ன லாங்குவேஜ் என்று கேட்டது என் காதில் விழுந்தது. என் குரல் ஒரு படி இறங்கியது. எல்லாரும் 'தூய மரியே' என்று பதில் சொன்னார்கள். பழக்க தோஷம், நானும் அவர்களோடு சேர்ந்து பதில் சொன்னேன், எல்லாரையும்விடச் சத்தமாக. அடுத்த மணிக்கும் அப்படியே. மூன்றாவது மணியில் டீச்சர் என் முழங்கையைத் தொட்டார்.

"முதல் பாதி சொல்றவங்க பதில் சொல்ல வேணாம் செலின். அந்த நேரத்துல நீ மூச்சு வாங்கிக்க."

வாயை மூடினேன். அவர்கள் சொல்ல ஆரம்பித்தார்கள். என் முறை வரும்வரை எனக்கு வேலை இல்லை. மூச்சு இழுத்தேன், விட்டேன். அப்போதுதான் தெரிந்தது. இத்தனை வருஷமாக நான் சொல்லும்போது நீங்கள் மூச்சு வாங்கினீர்கள், நீங்கள் சொல்லும்போது நான். இரண்டு பேருக்கென்று இந்த மந்திரத்தைப் பிரித்துவைத்தவர் யாரோ, அவருக்கு மனிதர்களைத் தெரிந்திருக்கிறது. அதன் பிறகு குரல் ஏறிக்கொண்டது. ஐந்து பத்தும் உங்கள் தமிழில் ஓடின. போகும்போது டீச்சர், அடுத்த வருஷம் முதல் நாள் உன் வீடுதான் என்றார். அந்தக் காலேஜ் பெண் ஒரு வார்த்தையை மறுபடி சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டு போனது.

எல்லாம் நன்றாக முடிந்தது என்று இங்கே கையெழுத்துப் போட்டுவிடலாம். ஆனால் உங்களிடம் பொய் சொல்லி நான் எந்தக் காலத்தில் தப்பித்திருக்கிறேன்? மறுநாள் ஏழு மணிக்கு நான் மட்டும்தான். காத்திருக்கவில்லை. உங்கள் பாதியைச் சொன்னேன், உடனே என் பாதியைச் சொன்னேன். இரண்டாவது பத்திலேயே மூச்சு முட்டியது. மாலையைப் பிடித்தபடி நிறுத்திவிட்டு உட்கார்ந்திருந்தேன். யாரும் சொல்லவில்லை. பிறகு நானே சொன்னேன்.

ஒரு வாக்குக் கொடுக்கிறேன் அண்ணி. உங்கள் பாதியை உங்கள் தமிழிலேயே சொல்வேன், லேசாக்க மாட்டேன். என் பாதியை என் தமிழில்தான் சொல்வேன், அதில் விட்டுக் கொடுக்க மாட்டேன். அப்போதுதான் நம் வீட்டில் இரண்டு பேர் ஜெபிப்பார்கள். உங்கள் பாதியைச் சொல்லும்போது உளுந்தை நினைக்க மாட்டேன். மெதுவாகச் சொல்வேன். மூச்சு வாங்கினால் நிறுத்தி நிறுத்திச் சொல்வேன், ஆனால் முடிக்காமல் எழுந்திருக்க மாட்டேன்.

இருபத்தேழு வருஷமும் உங்களை எதிர்த்துப் பதில் சொன்ன,
உங்கள் தம்பி பெண்டாட்டி
செலின்